பிரதிவாதி சொன்ன சேதி

வேல்குமார் வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு நிற்பதைப் பார்த்ததும் குழந்தையம்மாளுக்கு முதலில் பயம்தான் வந்தது. இரண்டு பேருக்கும் பேச்சு நின்று நாலு வருஷம் ஆகியிருந்தது. பக்கத்துப் பக்கத்துத் தோட்டக்காரர்கள்தான். ஆனால் தடத்தில் எதிரெதிரே வந்தால் அவன் பைக்கை வேகமாக முறுக்குவான், இவள் வேலியைப் பார்த்துக்கொண்டு நடப்பாள். பேச வேண்டியதையெல்லாம் பல்லடம் கோர்ட்டில் இரண்டு வக்கீல்கள் பேசிக்கொண்டிருந்தார்கள்.

ஆனாலும் வீடு தேடி வந்தவரை வாங்க என்று சொல்லாமல் இருக்க அவளுக்கு வராது.

"வாங்க தம்பி. உக்காருங்க."

"இருக்கட்டுங்கக்கா." அவன் நின்றுகொண்டே பேசினான். "உங்க கேஸு தள்ளுபடி ஆயிருச்சுங்க. உங்களுக்குத் தெரியுங்களா?"

வீட்டின் பின்னால் கொட்டகையில் தையல் மிஷின்கள் ஓடிக்கொண்டிருந்தன. அந்தச் சத்தத்தில் தப்பாகக் காதில் விழுந்துவிட்டதோ என்று இரண்டடி முன்னால் வந்தாள்.

"என்னங்க சொன்னீங்க?"

"போன மாசம் வாய்தா இருந்துச்சுங்கள்ல. அன்னைக்கு உங்க பக்கம் யாருமே வர்லீங்க. அதுக்கு முந்தின வாய்தாவுக்கும் வர்லீங்க. ஜட்ஜு உங்க பேரைக் கூப்பிடச் சொல்லிப் பாத்துட்டு, கேஸைத் தள்ளிட்டாருங்க."

குழந்தையம்மாள் பக்கத்திலிருந்த பனியன் மூட்டையின் மேல் அப்படியே உட்கார்ந்துவிட்டாள்.

பொங்கலூருக்குத் தெற்கே அவள் வீடு. வீட்டுக்காரர் இறந்த பிறகு, தண்ணீர் வற்றிப்போன தோட்டத்தை நம்பாமல், பின்னால் ஒரு கொட்டகை போட்டு பத்துப் பன்னிரண்டு மிஷின்களோடு கூலிக்குப் பனியன் தைத்துக் கொடுக்கும் பவர் டேபிள் நடத்திவந்தாள். திருப்பூர்க் கம்பெனிகளிலிருந்து வெட்டின துணி காலையில் டெம்போவில் வந்து இறங்கும். தைத்த பனியன் சாயங்காலம் அதே டெம்போவில் போகும். அந்த டெம்போ தார்ரோட்டிலிருந்து அவள் வீட்டுக்கு வர இருந்தது ஒரே தடம். அது வேல்குமாரின் நிலத்துக்குள் ஓடியது.

வேல்குமாருக்கு அந்தத் தடத்தின் கிழக்கே பனியன் துணி பின்னும் நிட்டிங் கம்பெனி. பிறகு மேற்கேயும் இடம் வாங்கினான். இரண்டையும் சேர்த்து ஒரே காம்பவுண்டு கட்ட வேண்டும், நடுவில் தடம் இருந்தால் முடியாது. "தெக்கால இட்டேரி இருக்குதுங்களே, அதுல போங்க" என்றான். இரண்டு வேலிகளுக்கு நடுவே போகும் அந்த மண் இட்டேரியில் மழை பெய்தால் சைக்கிள்கூடப் போகாது. ஒருநாள் காலையில் தடத்தின் குறுக்கே வேலிக் கல்லுக்கால் நட அவன் குழி வெட்டிவிட்டான். அன்றைக்குத்தான் அவள் வக்கீல் ஞானசம்பந்தத்தைத் தேடிப் போனாள். அவர் சாப்பிட்டுக்கொண்டிருந்த டிபன் பாக்ஸை மூடி வைத்துவிட்டு மனு எழுத உட்கார்ந்தார். மறுநாளே தடை உத்தரவு வாங்கிக் கொடுத்தார். அந்த உத்தரவை வைத்துத்தான் இத்தனை காலமும் டெம்போ வந்துபோனது.

இப்போது கேஸே இல்லை என்றால் அந்த உத்தரவும் இல்லை. அது அவளுக்குப் புரிந்தது.

"அப்ப நீங்க கேட் போடப் போறீங்களா தம்பி? அதைச் சொல்லத்தான் வந்தீங்களா?"

வேல்குமார் தலையைச் சொறிந்தான். "போடத்தான் இருந்தேனுங்க. எங்க வக்கீலம்மா வினிதா போன் பண்ணி, கேஸ் போச்சு, இனி உங்க இஷ்டம்னு சொன்னாங்க. வெல்டிங் ஆளைக்கூட வரச் சொல்லிட்டேன். இன்னைக்குக் காலையில அளவு எடுத்துட்டு இருந்தப்ப உங்க டெம்போ வந்துச்சுங்க. அந்த முனீஸ் எப்பவும்போல ஹாரன் அடிச்சு, கும்பிடு போட்டுட்டுப் போறான். நீங்க பின்னால மூட்டையை எண்ணி எறக்கச் சொல்றீங்க. அப்பத்தான் எனக்குத் தோணுச்சு, உங்களுக்கு ஒண்ணுமே தெரியாதுன்னு."

"தெரியாதுங்க."

"தெரியாதவங்ககிட்ட ஜெயிச்சுட்டு அந்தத் தடத்துல நான் எப்பிடிங்க நடக்கறது?" அவன் குரல் கொஞ்சம் எரிச்சலாகவே இருந்தது, யாரோ அவனை வம்பில் இழுத்துவிட்ட மாதிரி. "முப்பது நாளுக்குள்ள மனுப் போட்டா கேஸை மறுபடி எடுத்துக்குவாங்களாமா. இன்னும் கொஞ்ச நாள்தான் இருக்குது. போய் உங்க வக்கீலைப் பாருங்க. ஆனா ஒண்ணு, கேஸை நான் விட மாட்டேனுங்க. தடம் என்னுதுதான்."

சொல்லிவிட்டுச் செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டான். அவள் மோர்கூடக் கொடுக்கவில்லை என்பது அவன் போன பிறகுதான் நினைவுக்கு வந்தது.

டெம்போக்காரன் முனீஸுக்கு ஊர் கமுதிப் பக்கம். அவன் பெண்டாட்டி நதியா இந்தக் கொட்டகையில்தான் ஓவர்லாக் அடித்தாள். விஷயத்தைக் கேட்டதும் முனீஸ் நம்பவில்லை.

"எதிராளி எதுக்குக்கா வந்து சொல்லுறாரு? இதுல என்னமோ இருக்கு. நம்மளை எங்கிட்டாவது கையெழுத்துப் போட வைக்கப் பாக்குறாக."

"அவரு கையெழுத்து ஒண்ணும் கேக்கலையே முனீசு."

வக்கீலுக்குப் போன் போட்டாள். எடுக்கவில்லை. அன்றைக்கே முனீஸின் டெம்போவில் ஏறிப் பல்லடம் போனாள். ஞானசம்பந்தத்தின் ஆபீஸ் பூட்டியிருந்தது. கீழே ஜெராக்ஸ் கடைக்காரர், "சாரு வந்து ரொம்ப நாளாச்சுங்க, ஊட்டுல போய்ப் பாருங்க" என்றார். வழியெல்லாம் அவள் மனசுக்குள் அவரைத் திட்டிக்கொண்டே போனாள். ஒவ்வொரு வாய்தாவுக்கும் "நீங்க வர வேண்டாம்மா, தேவைன்னா நான் கூப்பிடறேன்" என்றவர் அவர்தானே. அவளை நம்பி இத்தனை பேர் தைக்கிறார்கள். இவர் வர முடியாது என்றால் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே. கேட்க வேண்டியதையெல்லாம் வரிசையாக மனசில் வைத்துக்கொண்டுதான் அவர் வீட்டுக் கதவைத் தட்டினாள்.

கதவைத் திறந்தது அவர் மனைவி. வந்திருப்பது யார் என்று தெரிந்ததும் அந்த அம்மாளின் முகம் மாறிவிட்டது.

"உங்க கேஸும் போயிருச்சுங்களா?"

"ஆமாங்க. யாரும் போகலையாமா."

"அவரு போனாருங்க." அந்த அம்மாள் குரலைத் தாழ்த்திக்கொண்டாள். "கோட்டை எடுத்துக்கிட்டு காலையிலேயே கெளம்பிப் போனாரு. பல்லடம் கோர்ட்டுக்குப் போறதுக்குப் பதிலா தாராபுரம் பஸ்ஸுல ஏறிட்டாருங்க. வக்கீலா சேர்ந்த புதுசுல அங்கதான் இருந்தாரு. அந்தக் கோர்ட்டு வராண்டாவுல சாயங்காலம் வரைக்கும் உக்காந்திருக்காரு, உங்க கேஸைக் கூப்பிடுவாங்கன்னு. தெரிஞ்ச குமாஸ்தா ஒருத்தர் பாத்துட்டு எனக்குப் போன் பண்ணுனாருங்க. ஆறு மாசமாவே மறதி வந்துட்டுப் போயிட்டு இருக்குது. வெளிய சொல்ல வேண்டாம்னாரு. நானும் சொல்லலை. எங்க தப்புத்தானுங்க."

குழந்தையம்மாள் மனசில் அடுக்கி வைத்திருந்த கேள்வியெல்லாம் எங்கேயோ போய்விட்டது.

உள்ளே ஞானசம்பந்தம் நாற்காலியில் உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். அவளைப் பார்த்ததும் எழுந்தார். அன்றைக்கு அவருக்குத் தெளிவான நாள். பேரைச் சொல்லிக் கூப்பிட்டார், கொட்டகையில் வேலை எப்படி என்று கேட்டார். அவள் விஷயத்தைச் சொன்னபோது மட்டும் கண்ணை மூடிக்கொண்டார்.

"யாரும்மா சொன்னாங்க உங்களுக்கு?"

"வேல்குமாருங்க."

"பிரதிவாதியா?" அவர் கண்ணைத் திறந்து அவளை உற்றுப் பார்த்தார். "பிரதிவாதியே வந்து சொன்னானா?"

"ஆமாங்க. அவரே வந்து சொன்னாரு."

ஞானசம்பந்தம் பேப்பரை மடித்து ஓரமாக வைத்தார். பிறகு மனைவியைக் கூப்பிட்டு வெள்ளைத்தாள் எடுத்து வரச் சொன்னார். நிறுத்தாமல் எழுதினார். எழுதும்போது அவருக்கு ஒரு சொல்கூட மறக்கவில்லை. எழுதி முடித்து, அவள் கேட்காமலே விளக்கம் சொன்னார்.

"இந்த மாதிரி மனுவுல வழக்கமா என்ன எழுதுவோம் தெரியுங்களா? கட்சிக்காரருக்கு மஞ்சக்காமாலை, படுத்த படுக்கையா இருந்தாருன்னு எழுதுவோம். நானே எத்தனையோ பேருக்கு மஞ்சக்காமாலை வர வெச்சிருக்கேன். ஜட்ஜுக்கும் தெரியும், எதிர்க்கட்சிக்கும் தெரியும். இதுல அப்பிடி எழுதலைங்க. என்னோட மறதி, என்னோட தப்பு, கட்சிக்காரம்மா மேல ஒரு குத்தமும் இல்லைன்னு எழுதியிருக்கேன். நானே வந்து நிப்பேன்."

"வேண்டாங்கய்யா. எனக்குக் காமாலைன்னே எழுதிருங்க. ஊரு முச்சூடும் உங்களைப் பேசும்."

"பேசட்டும்மா," என்றார் அவர். "ஆஸ்பத்திரிக்குப் போகச் சொல்லி இவ அழுதுட்டு இருக்கா. கோர்ட்டுல சொல்லிட்டா நான் போய்த்தானே ஆகணும்."

அந்த அம்மாள் முந்தானையை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

மனு விசாரணைக்கு வந்த அன்று குழந்தையம்மாள் விடியும் முன்பே குளித்துத் தயாராகிவிட்டாள். முனீஸ் அவளை முதலில் வக்கீல் வீட்டுக்குக் கூட்டிப்போனான். மூன்று பேரும் டெம்போவின் முன்சீட்டில் நெருக்கி உட்கார்ந்து கோர்ட்டுக்குப் போனார்கள். வழி தப்ப இடமே கொடுக்கக் கூடாது என்று முனீஸ் முடிவு செய்திருந்தான். படியேறும்போதுகூட அவர் கையைப் பிடித்துக்கொண்டான்.

பேரைக் கூப்பிட்டார்கள். ஞானசம்பந்தம் எழுந்து நின்றார். கருப்புக் கோட்டு அவருக்கு முன்பைவிடப் பெரிதாகத் தெரிந்தது. ஜட்ஜ் சின்ன வயசுக்காரர். மனுவைப் படித்தார், தலையை நிமிர்த்தி அவரைப் பார்த்தார், மறுபடியும் படித்தார்.

"சார், நீங்க உட்கார்ந்துக்கலாம்," என்றார் ஜட்ஜ்.

"நின்னே சொல்றேனுங்க. அதுல எழுதியிருக்கறது அத்தனையும் நிஜம்."

வேறு கேஸுக்கு வந்திருந்த இளம் வக்கீல்கள் கையிலிருந்த கேஸ் கட்டுகளைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். ஜட்ஜ் அந்தப் பக்கம் திரும்பினார்.

"எதிர்மனுதாரர் தரப்பில் ஆட்சேபனை இருக்கா?"

வினிதா எழுந்தாள். பின்வரிசையில் உட்கார்ந்திருந்த வேல்குமாரை ஒருமுறை திரும்பிப் பார்த்தாள். அந்தப் பார்வையில் சந்தோஷம் ஒன்றும் இல்லை. வென்ற கேஸைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லும் கட்சிக்காரரை அவள் அதற்கு முன் கண்டிருக்க மாட்டாள்.

"ஆட்சேபனை இல்லை," என்றாள்.

"மனு அனுமதிக்கப்படுகிறது. வழக்கு மீண்டும் கோப்பில் எடுக்கப்படுகிறது." ஜட்ஜ் எழுதிக்கொண்டே சொன்னார். பிறகு பேனாவை வைத்தார். "சார், அடுத்த வாய்தாவுக்கு நீங்களே வருவீங்களா?"

"இல்லீங்க. வக்கீல் தீனதயாளனுக்கு வக்காலத்து மாத்திக் குடுக்கறேன். நல்லா நடத்துவாரு. எனக்கு இதான் கடைசிங்க."

அவர் குனிந்து வணங்கினார். ஜட்ஜும் நாற்காலியில் இருந்தபடியே தலையைத் தாழ்த்தினார். வெளியே வந்ததும் குழந்தையம்மாள், நாலு பேர் பார்க்கிறார்களே என்றுகூட நினைக்காமல், அவர் காலைத் தொடக் குனிந்தாள். அவர் பதறிப்போய்ப் பின்னால் நகர்ந்தார்.

"நான் கேஸைத் தொலைச்சவன்மா. எனக்கு எதுக்கு?"

"நீங்கதானுங்க எடுத்தும் குடுத்தீங்க," என்றாள் அவள்.

வேல்குமார் அவர்களைத் தாண்டிப் படியிறங்கிப் போனான். அவள் கூப்பிடவில்லை. என்ன சொல்லிக் கூப்பிடுவது என்று அவளுக்குத் தெரியவில்லை. கேஸ் நடக்கும்போது எதிர்க்கட்சிக்கு நன்றி சொல்லலாமா கூடாதா என்று தீனதயாளனிடம் கேட்டுப் பார்த்தாள். "கேஸ் முடியட்டும்மா, அப்புறம் சொல்லிக்கலாம்" என்று அவர் சிரித்தார்.

கேஸ் ஒன்றும் லேசாக நடக்கவில்லை. வினிதா அவளைக் கூண்டில் ஏற்றிக் குறுக்கு விசாரணை செய்தாள்.

"இந்தத் தடம் உங்க கிரயப் பத்திரத்துல எழுதியிருக்கா?"

"எழுதலைங்க."

"பின்னே எந்த உரிமையில கேக்கறீங்க?"

"எங்கூட்டுக்காரரோட அப்பாரு காலத்துலிருந்து அதுல தானுங்க போறோம், வர்றோம். கல்யாணமாகி நான் வந்த காரும் அந்தத் தடத்துலதானுங்க வந்துச்சு."

"தெற்கே இட்டேரி இருக்கு, அதில் போகலாம், சரிதானே?"

"இருக்குதுங்க. ஐப்பசியில ஒரு நாள் நீங்க வந்து அதுல நடந்து பாருங்க." கோர்ட்டில் சிலர் சிரித்தார்கள். அவள் சிரிக்க வைப்பதற்காகச் சொல்லவில்லை.

அடுத்து வேல்குமாரின் முறை. கல்யாணக் காரைப் பற்றி அவன் ஒன்றும் மறுக்கவில்லை. தீனதயாளன் நேராகவே கேட்டார். "வாதியின் கணவர் இருக்கும்போது அந்தத் தடத்தில் வண்டிகள் போய்வந்து கொண்டிருந்தனவா?"

"மாட்டு வண்டி போச்சுங்க. எப்பவாச்சும் காரு போயிருக்கும்."

"டெம்போ, லாரி?"

வேல்குமார் குழந்தையம்மாளைப் பார்க்காமல் சுவரைப் பார்த்தான். "அது எனக்குத் தெரியாதுங்க."

அவளுக்குச் சுருக்கென்றது. தோட்டத்தில் தண்ணீர் இருந்த காலத்தில் வருஷா வருஷம் தக்காளி லோடு ஏற்ற லாரி அதில்தானே வந்தது. ஒரு தடவை சேற்றில் மாட்டிக்கொண்டபோது தள்ளிவிட்டவர்களில் அவனும் ஒருவன். வாசலில் வந்து நின்று சேதி சொன்னவனா இவன் என்று இருந்தது. டெம்போவில் திரும்பி வரும்போது முனீஸ் ஸ்டீரிங்கில் தட்டித் தட்டிப் பேசினான். "பாத்தீகளாக்கா? நான் அன்னைக்கே சொன்னேன்ல, அந்தாளை நம்பக் கூடாதுன்னு."

"வெசனப்படாத முனீசு," என்றாள் அவள். அதற்கு மேல் என்ன சொல்வது என்று யோசித்துப் பார்த்தாள். "அவரு வந்து சொல்லலைன்னா, இன்னைக்கு அவரு பொய் சொல்றதைக் கேக்கக்கூட எனக்குக் குடுத்து வெச்சிருக்காது."

முனீஸ் கொஞ்ச தூரம் ஓட்டிய பிறகு சிரித்துவிட்டான். அவளுக்கும் சிரிப்பு வந்தது.

தை மாதம் தீர்ப்பு வந்தது. தடத்தில் போய்வர அவளுக்கு உரிமை உண்டு. கேட்டோ பூட்டோ போடக் கூடாது. ஆனால் அவள் கேட்ட இருபதடி அகலம் இல்லை, எட்டடிதான். மீதி வேல்குமாருக்கு. அவன் இரண்டு பக்கமும் சுவர் எழுப்பிக்கொள்ளலாம். அப்பீல் போகலாமா என்று தீனதயாளன் கேட்டார். வேண்டாம் என்றாள். வேல்குமாரும் போகவில்லை.

தீர்ப்பு வந்த அன்றே அவள் ஞானசம்பந்தத்தின் வீட்டுக்குப் போனாள். கோயமுத்தூர் ஆஸ்பத்திரியில் வைத்தியம் பார்த்து வந்தார்கள். சில நாள் நன்றாக இருக்கிறார், சில நாள் இல்லை என்று அவர் மனைவி சொன்னாள். அன்றைக்கு அவருக்கு அவள் யாரென்று பிடிபடவில்லை. ஆனால் தடத்துக் கேஸ் என்று சொன்னதும் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"என்ன ஆர்டர் போட்டாங்க?"

சொன்னாள்.

"எட்டடியா? போதும், வண்டி போகும்," என்றார். "வக்கீலு யாரு? நல்லா நடத்தியிருக்கான்."

"நீங்கதானுங்கய்யா," என்றாள் அவள். அவர் மனைவி உள்ளே போய்க் காபி போட்டுக்கொண்டு வந்தாள். இருட்டும் நேரம் வரை குழந்தையம்மாள் அங்கேயே உட்கார்ந்து, தடை உத்தரவு வாங்கின நாளிலிருந்து எல்லாவற்றையும் அவருக்கு ஒருமுறை சொன்னாள். அவர் யாரோ ஒரு நல்ல வக்கீலின் கதையைக் கேட்பதுபோல ரசித்துக் கேட்டார்.

வேல்குமார் சுவரைக் கட்டி முடித்தான். ஹாலோ பிளாக் வைத்து, ஆள் உயரத்துக்கு, நேராக. டெம்போ உள்ளே வரும்போது முனீஸ் இரண்டு பக்கக் கண்ணாடியையும் மடக்க வேண்டியிருந்தது. முதல் வாரம் ஒரு பக்கம் உரசிக்கூட விட்டது. பிறகு கை பழகிவிட்டது.

சுவருக்குப் பூச்சு வேலை முடிந்த அன்று குழந்தையம்மாள் நிட்டிங் கம்பெனிக்குள் போனாள். வட்ட மிஷின்கள் சுற்றிக்கொண்டிருந்தன. துணி கீழே குழாய்மாதிரி இறங்கிக்கொண்டிருந்தது. வேல்குமார் நூல் பெட்டிகளுக்கு நடுவில் நின்று யாருக்கோ போனில் பேசிக்கொண்டிருந்தவன், அவளைப் பார்த்ததும் போனை வைத்துவிட்டான்.

"வாங்கக்கா."

"கேஸ் முடியட்டும்னு காத்துட்டு இருந்தேனுங்க தம்பி," என்றாள். "அன்னைக்கு நீங்க வந்து சொல்லலைன்னா, எனக்குத் தடமும் இல்லை, பொழப்பும் இல்லை. எங்க கொட்டகையில தைக்கற அத்தனை பேரும் உங்களை நெனச்சுக்குவாங்க. ரொம்ப நன்றிங்க."

அவனுக்குக் கூச்சமாகிவிட்டது. பக்கத்தில் இருந்த நூல் கோனை எடுத்து ஒரு பெட்டியிலிருந்து இன்னொரு பெட்டிக்கு மாற்றி வைத்தான்.

"கூண்டுல ஏறி நான் சொன்னதுக்கு நீங்க கோவமா இருப்பீங்கன்னு நெனச்சேனுங்க. அந்த லாரி விசயம்."

"அது பொய்ங்க தம்பி."

"ஆமாங்கக்கா."

"கோவமாத்தான் இருந்துச்சுங்க. ஊட்டுக்குப் போய் நெனச்சுப் பாத்தேன். ரெண்டையும் நீங்கதானுங்க செஞ்சீங்க. எனக்கு அதுல பெருசு முதல்ல செஞ்சதுதானுங்க."

வேல்குமார் ஆபீஸ் ரூமுக்குள்ளிருந்து ஒரு நாற்காலியைத் தானே தூக்கிவந்து அவளுக்குப் போட்டான். வேலை செய்துகொண்டிருந்த பையன்களில் ஒருவனைக் கூப்பிட்டு டீ வாங்கிவரச் சொன்னான், இஞ்சி போட்டு. அவள் உட்கார்ந்தாள். இத்தனை வருஷம் வேலிக்கு அந்தப் பக்கம் ஓடின மிஷின்களை அன்றைக்குத்தான் அவள் பக்கத்தில் இருந்து பார்த்தாள்.

"இந்தத் துணி யாருக்குங்க தம்பி போகுது?" என்று கேட்டாள்.

அவன் சொல்ல ஆரம்பித்தான்.